அலுமாரி சுமந்த இருவர்

பண்டிதர்களுக்குச் சினிமா ஆகாது என்பது எங்கள் ஊரில் ஒரு வழக்கு. பண்டிதர்கள் சொன்னதன்று, பண்டிதர்களைப் பற்றி ஏனையோர் கட்டிவிட்டது. நன்னூலும் காரிகையும் படித்தவன் திரையில் ஓடும் நிழலை எங்ஙனம் சுவைப்பான் என்பது அவர்களது ஐயம். சொல்லையே தொழிலாகக் கொண்டவனுக்குச் சொல் இல்லாத இடத்திலே என்ன வேலை? கேள்வி நியாயமானதுதான். அப்படியிருந்தும், பேச்சென்று ஒன்று அநேகமாக இல்லாத சில குறும்படங்களைப் பற்றியே இங்கு எழுதத் துணிந்தேன். பெருநகரத்திலே மனிதன் மனிதனுக்கு அயலானாகிப் போவது அவற்றின் பொருள். பரீட்சார்த்தப் படங்கள் என்று அவற்றைக் கூறுவர். எட்டு நிமிடத்திலிருந்து ஒரு மணித்தியாலத்துக்குட்பட்ட அளவின அவை, ஐரோப்பாவிலே எடுக்கப்பட்டவை. கதை கேட்கப் போகிறவர் ஏமாறுவர். கவிதை படிக்கத் தெரிந்தவர் ஏமாறார்.

முதலிற் சொல்லைப் பார்ப்போம், அது தொழிற்பழக்கம். இப்பொருளுக்கு நம் விமரிசகர்கள் 'அந்நியமாதல்' என்ற சொல்லை வழங்குகின்றனர். தொழிலாளி தன் கையாற் செய்த பொருளுக்கே அயலானாகிவிடுகிறான் என்று கார்ல் மார்க்ஸ் 1844 ஆம் ஆண்டின் கையெழுத்துப் படிகளில் விளக்கினார். அங்கிருந்து வந்த கருத்து அது. வடசொல் கலந்ததாயினும் வழக்கில் ஊன்றிவிட்டது. அதனோடு எனக்குப் பிணக்கில்லை. ஆயினும் 'ஏதிலார்' என்று நம்மிடம் பழைய சொல் ஒன்று உண்டு. யாதொரு தொடர்பும் இல்லாதவர் என்பது கருத்து. 'ஏதின்மை' என்ற சொல்லைத் திருவள்ளுவரே ஆண்டிருக்கிறார். அந்த வழியில் வந்த 'ஏதிலி' இன்று அகதியைக் குறிக்கிறது. அயலானையும் அகதியையும் ஒரே வேரிலிருந்து பெயரிட்ட மொழி நம்முடையது. இது தற்செயலாக நேர்ந்ததாயினும் ஆகுக; இனி யான் சொல்லப்போகும் படங்களைப் பார்த்த பின்னர் அதனைத் தற்செயல் என்று தள்ள மனம் வரவில்லை.

நகரத்தைப் படம்பிடித்த முதற்றலைமுறையினர் அதனைக் கண்டு மயங்கி நின்றனர். 1921 இல் போல் ஸ்ட்ராண்ட் என்ற புகைப்படக் கலைஞரும் சார்ள்ஸ் ஷீலர் என்ற ஓவியரும் சேர்ந்து 'மன்ஹாட்டா' என்றொரு படம் எடுத்தனர். பத்து நிமிட அளவினது. நியூயோர்க்கின் மாடங்களின் உச்சியில் நின்று கீழ்நோக்கும் படம். இடையிடையே வால்ட் விட்மனின் கவியடிகளை எழுத்திற் காட்டுவர். கப்பலும் புகையும் பாலமும் கண்கொள்ளாக் காட்சி. மனிதர்களோ எள் சிந்தினாற்போலத் தெருவிலே கிடப்பர். 1927 இல் வால்ட்டர் ருட்மன் பேர்லின் நகரின் ஒரு நாளை இசைக்கோவை போல அமைத்துக் காட்டினார். அது குறும்படமன்று, ஆனால் அதே மயக்கந்தான். அவை நகரத்துக்குப் பாடிய பாடாண் பாட்டுக்கள். மாடத்தின் உச்சியில் நிற்பவனுக்குத் தெருவில் நிற்பவனின் முகம் தெரியாது. அந்த முகத்தைக் காணக் கமரா கீழே இறங்க வேண்டியிருந்தது. 1930 இல் ஷான் விகோ என்ற இளைஞர் நீஸ் நகரத்துக் கடற்கரைச் சாலையில் அதனைச் சிறிது இறக்கினார். நான் மிக விரும்பும் படங்களில் அது முற்றாக இறங்கியது இரண்டாம் உலகப்போருக்குப் பின்னர்.

போலந்து நாட்டின் தலைநகராகிய வார்சோ 1944 இல் தரைமட்டமாக்கப்பட்டது. அதனால் நெசவாலைகள் நிறைந்த வூச் என்ற நகரம் அந்நாட்டுத் திரைப்படத் தொழிலின் இருப்பிடமாயிற்று. 1948 இல் அங்கே ஒரு திரைப்படப் பள்ளியும் தோன்றிற்று. அப்பள்ளியில் மாணவனாக இருந்த ரோமன் பொலான்ஸ்கி 1958 இல் எடுத்த படத்தின் பெயர் 'இரு மனிதரும் ஓர் அலுமாரியும்'. கறுப்பு வெள்ளைப் படம், பதினைந்து நிமிடம், ஒரு வசனமும் இல்லை. படம் பிடித்த இடம் போற்றிக் கடலோரத்துக் கிடான்ஸ்க், சொப்பொட் என்னும் நகரங்கள்.

ஆளற்ற கடற்கரை. கடலுக்குள்ளிருந்து இரண்டு மனிதர் எழுந்து வருகின்றனர். இருவருமாக ஓர் அலுமாரியைச் சுமந்து வருகின்றனர். பெரிய அலுமாரி, கதவிலே நிலைக்கண்ணாடி பதித்தது. எங்கிருந்து வந்தார்கள், கடலுக்குள் அலுமாரி எப்படிப் போயிற்று என்ற விளக்கம் கிடையாது. கரையேறியதும் மகிழ்ச்சியால் துள்ளி ஆடுகிறார்கள். பின்னர் அலுமாரியைத் தூக்கிக்கொண்டு நகரத்துக்குள் புகுகிறார்கள். அவ்வளவுதான், படம் தொடங்கிவிட்டது.

டிராம் வண்டியில் ஏற முயல்கிறார்கள், இடமில்லை. ஒரு பெண்ணோடு பழக முயல்கிறார்கள். அலுமாரியோடு வருபவர்களோடு எப்பெண் நடந்து போவாள்? உணவுச்சாலைக்குள் நுழைகிறார்கள், வெளியே அனுப்பப்படுகிறார்கள். தங்கு விடுதிக்குப் போகிறார்கள். அங்கும் அதே கதை. ஒருவரும் அவர்களை வெறுத்துப் பேசவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். அலுமாரிதான் இடைஞ்சல். அதனைப் போட்டுவிட்டு வந்தால் எல்லாக் கதவும் திறந்திருக்கும். நகரம் மனிதனைப் பார்த்து 'வராதே' என்று சொல்வதில்லை. 'வெறுங்கையோடு வா' என்று சொல்லுகிறது. இதனை ஒரு சொற்பொழிவிற் சொல்லியிருந்தால் நான் கொட்டாவி விட்டிருப்பேன். படம் இதைச் சொல்லவேயில்லை. இருவர் ஓர் அலுமாரியை ஒடுங்கிய வாசலுக்குள் நுழைக்கப் படும் பாட்டைக் காட்டுகிறது. நுழையவில்லை.

அவர்களைச் சுற்றி நகரம் தன் வேலையைச் செய்துகொண்டிருக்கிறது. ஒருவன் மற்றொருவனின் சட்டைப்பையில் கைவைக்கிறான். காலிகள் சிலர் ஒரு பூனைக்குட்டியைக் கல்லெறிந்து கொல்கிறார்கள். அக்காலிகளே ஒரு பெண்ணின் பின்னால் பதுங்கி வருகையில், எதிரே வந்த அலுமாரியின் கண்ணாடியில் அவள் அவர்களைக் கண்டு தப்பிவிடுகிறாள். கண்ணாடி செய்த குற்றத்துக்கு, அதனைச் சுமந்தவர்கள் அடிபடுகிறார்கள். பீப்பாய்கள் அடுக்கிய முற்றமொன்றில் இளைப்பாற அமர்கையில் காவற்காரன் தடியோடு வருகிறான். வேறோரிடத்தில் ஒருவன் இன்னொருவனைக் கல்லால் அடித்துக் கொல்கிறான். நம் இருவரும் அதை அறியாமலே அலுமாரியோடு கடந்து போகிறார்கள். கொலைக்கும் களவுக்கும் இந்நகரத்தில் இடமுண்டு. அலுமாரிக்குத்தான் இல்லை.

இடையில் ஒரு காட்சி. அலுமாரியைத் தரையிலே கிடத்தி, அதன் கண்ணாடிமேல் ஒரு மீனை வைத்திருக்கிறார்கள். அதுதான் அவர்களது சாப்பாடு. கண்ணாடியில் மேகம் தெரிகிறது. அந்த வாக்கிற் பார்க்கையில் மீன் வானத்தில் நீந்துவது போலத் தோன்றுகிறது. சில கணம் நகரம் மறைந்துவிடுகிறது. பசித்த இருவருக்கு நகரம் தராத மேசையையும் ஆகாயத்தையும் அவர்கள் சுமந்த சுமையே தருகிறது. உபசாரத்துக்காகச் சொல்லவில்லை: நம் உரையாசிரியர்கள் இறைச்சிப் பொருள் என்று வகுத்தது இத்தகைய இடத்துக்குத்தான் பொருந்தும். உரிப்பொருளுக்குப் புறத்தே நின்று அது தோன்றும். மீனும் மேகமும் தாமாக ஒன்றும் சொல்லவில்லை. நமக்கு ஒன்று கேட்கிறது.

அவ்விருவருக்கும் பெயர் இல்லை. அகத்திணை மாந்தருக்குப் பெயர் சுட்டலாகாது என்பது தொல்காப்பியர் விதி. அதன் காரணத்தை மாணவர்க்கு விளக்குவது எப்போதும் சிரமம். பெயர் சொன்னால் அது அவனுடைய கதையாகிவிடும்; சொல்லாவிட்டால் கேட்பவனுடைய கதையாகிவிடும். இப்போது நான் இந்தப் படத்தைக் காட்டிவிடுகிறேன். விளக்கம் பாதியாகக் குறைகிறது.

அலுமாரி எதைக் குறிக்கிறது? இப்படத்தைப் பற்றி எழுதியவர்கள் பலரும் இந்தக் கேள்வியிலே இடறி விழுந்திருக்கிறார்கள். அது சுதந்திரம் என்பார் உளர். கலை என்பார் உளர். நட்பு, கனவு, யூதகுலம் என்பாரும் உளர். நச்சினார்க்கினியர் எங்கோ கிடந்த சொல்லை எங்கோ கொண்டுபோய் மாட்டிப் பொருள் கொள்வார் என்று நாங்கள் பரிகாசம் பண்ணுவதுண்டு. இவர்களோடு ஒப்பிட்டால் நச்சினார்க்கினியர் மிக அடக்கமானவர். அது அலுமாரி. மரத்தாற் செய்தது; பாரமானது; இருவருக்குச் சொந்தமானது. பொருள் சொல்லிப் பாரத்தைக் குறைத்துவிட்டால் அவர்கள் எதைச் சுமப்பது?

சென்ற வருடம் உயர்தர வகுப்பு மாணாக்கருக்கு இதனைப் போட்டுக் காட்டினேன். படம் முடிந்ததும் ஒரு பையன் எழுந்து, "ஐயா, இவ்வளவு அடிபட்டும் ஏன் அதைப் போட்டுவிட்டுப் போகவில்லை?" என்றான். நான் விடை சொல்லுமுன் பின்வரிசையிலிருந்த ஒரு பிள்ளை, "அது அவையின்ரை அல்லோ" என்றாள். பொருளதிகாரம் முழுவதும் கற்பித்தாலும் இப்படியொரு உரை எனக்கு வாய்த்திராது. அப்பிள்ளைகள் 1995 ஒக்டோபர் 30 இன் இரவைக் கண்டவர்கள் அல்லர், பிறந்திருக்கவும் இல்லை. வலிகாமம் முழுவதும் எழுந்து தென்மராட்சி நோக்கி நடந்த அந்த இரவில், தெருவிலே நான் கண்டவற்றுள் ஆட்டுக்கல்லும் தையல் இயந்திரமும் இருந்தன. என் துவிச்சக்கர வண்டியின் பின்னே சென்னைச் சர்வகலாசாலைத் தமிழ் லெக்சிக்கன் தொகுதிகள் கட்டப்பட்டிருந்தன. அரிசி கொண்டுவராமல் அகராதி கொண்டுவந்தவன் என்று நாங்கள் ஒதுங்கியிருந்த வீட்டிலே நெடுநாள் என்னைச் சுட்டிச் சிரித்தார்கள். அவர்கள் சிரித்தது சரி. நான் கொண்டுவந்ததும் சரி.

படத்தை எடுத்தவரைப் பற்றியும் ஒன்று சொல்லாமல் விடலாகாது. பொலான்ஸ்கி 1933 இல் பாரிசில் பிறந்தவர். சிறுபிராயம் கிராக்கோவ் நகரத்து யூதச்சேரியிற் கழிந்தது. தாயார் அவுஷ்விட்ஸ் முகாமில் மாண்டார். படத்திலே வரும் காலிகளுள் ஒருவனாக அவரே நடிக்கிறார். பிற்காலத்தில் உலகப் புகழ் பெற்றார். 1977 இல் அமெரிக்காவில் ஒரு சிறுமி சம்பந்தமான குற்றத்தை நீதிமன்றத்தில் ஒப்புக்கொண்டு, 1978 இல் தண்டனை விதிக்கப்படுமுன் அந்நாட்டை விட்டு ஓடினார். இருபத்தைந்து வயதுப் படத்தை அதனால் மறைக்க வேண்டியதில்லை. படத்தைக் காட்டி அதனை மறைக்கவும் வேண்டியதில்லை. மாணாக்கருக்கு இரண்டையும் சொல்லுகிறேன். படத்துக்கு இசை அமைத்த கிறிஷ்டொவ் கொமெடா தொழிலால் வைத்தியர். ஜாஸ் இசையை அரசு ஏற்காத காலத்தில் வைத்தியசாலைக்குத் தெரியாமல் அதனை வாசிக்க வேண்டிப் புனைபெயர் பூண்டவர். பேச்சில்லாத படத்தில் நடக்கிறவர்களின் காலுக்கு அவர் இசைதான் நிலம். 1958 இல் பிரசெல்ஸ் உலகக் கண்காட்சியையொட்டி நடந்த பரீட்சார்த்தப் படப் போட்டியில் அலுமாரிக்கு வெண்கலப் பதக்கம் கிடைத்தது.

இதற்கு இரண்டு வருடம் முன்னதாக, 1956 இல், லண்டன் கிழக்குப் பகுதியிலும் இரண்டு மனிதர் இப்படி நடந்தனர். 'ஒன்றாக' என்று பொருள்படும் பெயருடைய அந்தப் படத்தை எடுத்தவர் லொரென்சா மட்செற்றி என்னும் இத்தாலியப் பெண். பிரித்தானியத் திரைப்பட நிறுவகத்தின் பரீட்சார்த்தப் பட நிதி அவருக்குக் கைகொடுத்தது. துறைமுகத் தொழிலாளர் இருவர். இருவரும் வாய் பேசாதவர், செவி கேளாதவர். ஒருவராக ஓவியர் மைக்கல் அன்ட்றூஸ், மற்றவராகச் சிற்பி எடுவார்டோ பவொலோட்சி. குண்டு விழுந்து இடிந்த மனைகளுக்கிடையே அவர்கள் நடந்து போகிறார்கள். பிள்ளைகள் பின்னால் வந்து பழிப்புக் காட்டுகிறார்கள். அது இவர்களுக்குக் கேட்பதில்லை. நமக்குக் கேட்கிறது, திடீரென நமக்கும் கேளாமற் போகிறது. ஓசையை இப்படி வெட்டிவிடும் இடங்களில், அத்துணைச் சந்தடியுள்ள தெருவும் நீரடி போல அமைதியாகிவிடுகிறது.

படம் வேண்டிய அளவுக்கு மேல் நீண்டது என்பது என் கருத்து. ஐம்பது நிமிடத்தில் பத்தையேனும் குறைத்திருக்கலாம். முடிவிலோ ஒரு நொடியும் அதிகமில்லை. ஒருவர் பாலத்தின் விளிம்பில் இருக்கிறார். விளையாட்டாகப் பிள்ளைகள் பின்னால் வந்து தள்ளிவிடுகிறார்கள். ஆற்றில் விழுந்தவரால் கூவி அழைக்க முடியாது. அழைத்தாலும் தோழருக்குக் கேளாது. தோழர் திரும்பி வந்து தேடுகிறார். ஆறு ஓடிக்கொண்டிருக்கிறது. பிள்ளைகள் தீயவர்கள் அல்லர் என்பதுதான் இதிலே பயங்கரம். மட்செற்றியைப் பெற்றோர்போல வளர்த்த மாமியையும் மாமியின் பெண்மக்கள் இருவரையும் 1944 ஓகஸ்ட் மாதத்தில் ஜேர்மானியச் சிப்பாய்கள் சுட்டுக் கொன்றனர். மாமியின் கணவர், அறிஞர் ஐன்ஸ்டைனின் உறவினர், அடுத்த வருடம் தம்முயிரை மாய்த்துக்கொண்டார். அந்த வீட்டிலிருந்து தப்பியவர் லண்டனுக்கு வந்து வாய் பேசாத இருவரைப் படமாக்கினார்.

நகரத்தான் ஏன் இப்படிக் காணாததுபோலக் கடந்து போகிறான் என்று கியோர்க் சிம்மெல் என்ற பேர்லின் அறிஞர் 1903 இல் ஒரு கட்டுரை எழுதினார். நகரத் தெருவில் ஒவ்வொரு கணமும் கண்ணிலும் காதிலும் வந்து மோதுவன அளவிறந்தவை. ஒவ்வொன்றுக்கும் நெஞ்சு அசையுமாயின் மனிதன் ஒரு நாளைக்கு மேல் உயிர் தரியான். ஆதலின் அவனது மனம் தன்னைக் காத்துக்கொள்ளக் காய்த்துப்போகிறது என்பது அவர் விளக்கம். கலப்பை பிடித்த கை காய்ப்பது போல என்று வைத்துக்கொள்வோம். இதனால் நகரத்தாரைக் கொடியவர் என்று ஏசிக்கொண்டிருக்கும் வேலை மிச்சமாகிறது. கிராமத்தில் எல்லோரும் எல்லோரையும் காண்கிறோம் என்று பெருமை கொள்வாரும் உளர்; சாதி பார்த்து ஒருவனைக் காணாமல் விடும் வித்தையில் எங்கள் கிராமங்கள் எந்த நகரத்துக்கும் பின்னின்றதில்லை.

சிம்மெலின் கட்டுரையை எட்டு நிமிடத்திற் காட்டிவிட்ட படம் ஒன்றுண்டு. வூச் நகரத்திலேயே பிறந்து, அப்பள்ளியிலேயே பயின்ற ஸ்பிக்னியெவ் ரிப்சின்ஸ்கி 1980 இல் ஆக்கிய 'டாங்கோ'. ஓர் அறை. கட்டில், தொட்டில், மேசை, அலுமாரி, கதவுகள், ஒரு யன்னல். கமரா அசைவதேயில்லை. யன்னல் வழியே ஒரு பந்து வந்து விழுகிறது. ஒரு சிறுவன் யன்னலால் ஏறி வந்து பந்தை எடுத்துக்கொண்டு போகிறான். மறுபடியும் பந்து விழுகிறது, மறுபடியும் வருகிறான். அதற்குள் ஒரு தாய் கைக்குழந்தையோடு வருகிறாள். அவள் போய்த் திரும்பி வருவதற்குள் ஒருவன் அலுமாரியின் மேல் ஒரு பொதியை வைக்கிறான், கள்ளன் யன்னலால் வந்து அதை எடுத்துப் போகிறான், வேறொருவன் உண்கிறான், மற்றொருவன் தேகாப்பியாசம் பண்ணுகிறான், மின்குமிழ் மாற்றுபவன் விழுகிறான், காதலர் கட்டிலில் கிடக்கின்றனர். இவ்வாறாக முப்பத்தாறு பேர். ஒவ்வொருவருக்கும் ஒரே ஒரு காரியம். முடிந்ததும் திரும்பவும் அதே காரியம். அறை நிரம்பி வழிகிறது. ஒருவர்மேல் ஒருவர் முட்டுவதில்லை! மயிரிழை தப்பி ஒவ்வொருவரும் விலகிப் போகின்றனர். ஒருவரும் மற்றவரைக் காணவில்லை.

இதை ஆக்கிய முறையை அறிந்தபோது எனக்குச் சிறிது நேரம் பேச்சு எழவில்லை. நடிகர்கள் ஒன்றாக அந்த அறையில் நின்றதேயில்லை. ஒவ்வொருவரையும் தனித்தனியே படம்பிடித்து, உருவத்தைச் சுற்றி மறைதாள் வரைந்து, பிரதி எடுக்கும் பொறியில் ஒன்றன்மேல் ஒன்றாக இழைத்தனர். பதினாறாயிரம் அளவு மறைதாள்களை வரைந்து தீட்டினதாகவும், நாளொன்றுக்குப் பதினாறு மணித்தியாலமாக ஏழு மாதம் உழைத்ததாகவும் ரிப்சின்ஸ்கி எழுதியிருக்கிறார். கம்பியூட்டர் கைக்கு வராத காலம். ஆகவே படம் சொல்லும் பொருளும் படத்தைச் செய்த வழியும் ஒன்றே: அவர்கள் ஒருவரையொருவர் காணவில்லை, காண்பதற்கு அவர்கள் ஒருங்கே இருந்ததில்லை. இறுதியில் எல்லோரும் கழிந்துபோக, கட்டிலிற் கிடந்த ஒரு கிழவி மிஞ்சுகிறாள். பந்து வந்து விழுகிறது. அதை எடுத்துக்கொண்டு அவள் வெளியேறுகிறாள். இந்த எட்டு நிமிடத்திலும் வேறொருவனுக்குரிய பொருளைக் கண்டு கையில் எடுத்தவர்கள் இருவரே, முதலாமவன் கள்ளன்.

1983 இல் 'டாங்கோ'வுக்கு ஒஸ்கார் பரிசு கிடைத்தது. அன்றிரவு நடந்ததை யாரேனும் கற்பனையாக எழுதியிருந்தால் மிகை என்று வெட்டியிருப்பேன். பரிசை அறிவித்தவர் அவரது பெயரில் நாத்தடுமாறினார். பரிசு பெற்றபின் புகைபிடிக்க வெளியே வந்தவரை வாயிற்காவலர் மீண்டும் உள்ளே விடவில்லை. அவருக்கோ ஆங்கிலம் வராது. வாக்குவாதம் கைகலப்பாக, பொலிசார் பிடித்துக்கொண்டு போயினர்.

இக்காலத்தில் நம் இளைஞர்களும் இத்தகைய குறும்படங்களை எடுக்கத் தலைப்பட்டிருக்கின்றனர், மகிழ்ச்சி. ஆனால் தனிமையைக் காட்டவேண்டுமென்றவுடன் மழை பெய்யும் யன்னல், அதனருகே புகைக்கும் ஒருவன், பின்னணியில் வயலின், அவனது மனவோட்டத்தை வாசிக்கும் குரல் என்று நாலு சரக்கையும் எடுத்து வைத்துவிடுகிறார்கள். தன் தனிமையை இவ்வளவு அழகாக எடுத்துச் சொல்லக்கூடியவன் அவ்வளவு தனியனல்லன். கேட்க ஒருவன் இருக்கிறான் என்பது அவனுக்குத் தெரியும். அலுமாரிக்காரர் ஒன்றும் சொல்லவில்லை. துறைமுகத்து இருவராலும் சொல்ல முடியாது. டாங்கோவின் முப்பத்தாறு பேருக்கும் சொல்ல நேரமில்லை. சொல் நின்றுபோன இடத்திலிருந்துதான் ஏதின்மை தொடங்குகிறது. சொல் விற்றுப் பிழைக்கும் நான் இதை மனமுவந்து எழுதவில்லை, கண்டதை எழுதுகிறேன்.

1968 இல் பிரசெல்ஸ் நகரில் பதினெட்டு வயதுப் பெண்ணொருத்தி எடுத்த பதின்மூன்று நிமிடப் படம் இதற்கு மேலும் ஒரு படி போகிறது. ஷந்தால் அக்கெர்மான் என்பது அவர் பெயர். 'என் நகரே, வெடித்துப்போ' என்று படத்தின் பெயரைத் தமிழாக்கலாம். தொடர்மாடி வீடொன்றின் சமையலறை; அவரே நடிக்கிறார். பூங்கொத்தோடு வீட்டுக்கு ஓடி வருகிறாள் ஒரு பெண். சமைக்கிறாள், உண்கிறாள், கதவின் நீக்கலை ஒட்டுத்தாளால் அடைக்கிறாள், பூனையை வெளியே விடுகிறாள், பாத்திரங்களைத் தரையிற் கொட்டித் தரையைத் துடைக்கிறாள், சப்பாத்தைத் துலக்கும் மையைக் காலிலும் பூசிக்கொள்கிறாள். நாள்தோறும் வீட்டுப் பெண்கள் செய்யும் வேலைகள்தாம். ஒரு சுற்று அதிகமாக முறுக்கப்பட்டிருக்கின்றன. பேச்சு இல்லை. பின்னணியில் ஒரு பெண் வாய்க்குள் ஏதோ முனகிப் பாடிக்கொண்டிருக்கிறாள், சொல்லில்லாத பாட்டு. எரிவாயு அடுப்பின்மேல் சாய்கிறாள். திரை இருள்கிறது, வெடிச்சத்தம் மட்டும். பின்னும் அந்த முனகல் தொடர்கிறது. இதனை மாணாக்கருக்கு நான் காட்டவில்லை, காட்டவும் மாட்டேன். ஆனால் பக்கத்து வீட்டுக்கு ஒரு சுவர்தான் இடைவெளியென்பதை இவ்வளவு குளிர்ந்த கையோடு காட்டிய படம் வேறொன்றை நான் கண்டதில்லை.

அக்கெர்மானின் தாயார் அவுஷ்விட்ஸிலிருந்து மீண்டவர். மீண்டபின் அதைப் பற்றிப் பேசாதவர். இங்கே சற்று நிற்க வேண்டியிருக்கிறது. பொலான்ஸ்கி, மட்செற்றி, அக்கெர்மான் மூவரும் சொல்லமுடியாத ஒன்று நடந்த வீடுகளிலிருந்து வந்தவர்கள். இவர்களது படங்களின் மௌனம் புதுமைக்காகப் பூண்டதன்று என்று எண்ணுகிறேன். வீட்டிலே சொல்லமுடியாதது ஒன்று. வெளியே கேட்பதற்கு நேரமில்லாத நகரம் ஒன்று. இரண்டுக்கும் இடையே ஒரு பிள்ளை. ரிப்சின்ஸ்கி 1949 இல் பிறந்தவர். அவரை இந்தக் கணக்கில் வலிந்து சேர்க்க மாட்டேன். இந்தக் கணக்கு நமக்கு எட்டாததன்று என்பதைமட்டும் குறித்துவிட்டு மேலே போகிறேன்.

அக்கெர்மான் 1970 களின் தொடக்கத்தில் நியூயோர்க்கில் வாழ்ந்தார். அக்காலத்தில் தாயார் எழுதிய கடிதங்களை வைத்து 1976 இல் 'வீட்டுச் செய்தி' என்ற படத்தை எடுத்தார். ஒரு மணித்தியாலத்துக்கும் மேலானது. குறும்படக் கட்டுரையில் அதற்கு இடமில்லை. இருப்பினும் பிள்ளைகளைத் தூரதேசம் அனுப்பிய வீடுகள் நிறைந்த நாட்டில் அதனைச் சொல்லாமல் விடுவது தகாது. நியூயோர்க்கின் தெருக்கள், சுரங்க ரயில், நிற்பவர், நடப்பவர். கமரா அசையாமல் பார்த்துக்கொண்டிருக்கிறது. மேலே மகளின் குரல் தாயின் கடிதங்களை வாசிக்கிறது. அப்பாவுக்குச் சுகமில்லை, கடையில் வியாபாரம் மந்தம், இன்னாருக்குக் கலியாணம், ஏன் கடிதமில்லை, உடம்பைப் பார்த்துக்கொள். எந்த ஊர்த் தாயும் எழுதுவது. வாசிக்கும்போதே ரயில் வருகிறது. குரல் இரைச்சலுக்குள் அமிழ்ந்துவிடுகிறது. ரயில் போனபின் மீளும்போது கடிதத்தின் நடுவில் சில வரிகள் போய்விட்டிருக்கும். மகளின் மறுமொழி ஒன்றேனும் வாசிக்கப்படுவதில்லை. கடைசிக் காட்சியில் கமரா ஒரு படகில் ஏறி நகரத்தை விட்டு விலகுகிறது. மன்ஹாட்டனின் மாடங்கள், 1921 இல் இருவர் உச்சியில் ஏறி நின்று வியந்த அதே மாடங்களின் வழித்தோன்றல்கள், மெல்ல மெல்லப் பனிமூட்டத்துள் இறங்குகின்றன. பத்து நிமிட அளவுக்கு அது நீடிக்கிறது. கடிதக் குரல் நின்றுவிட்டது. நீரின் ஓசையும் கடற்பறவைகளின் ஓசையும் கேட்கின்றன.